கோட்டுப் போட்ட குட்டிப் பிசாசு, அப்பாவின் ஃபார்ம்வில் வயல்: இரண்டையும் எங்கே தேடுவது?

வெண்ணாற்றங்கரை எழுதியது:

எனக்கு இரண்டு விளையாட்டுகள் வேண்டும். ஒன்றின் பெயர் மறந்துவிட்டது. இன்னொன்றின் பெயர் நன்றாக நினைவிருக்கிறது, ஆனால் அதை மூடிவிட்டார்கள்.

பெயர் மறந்ததை முதலில் சொல்கிறேன். 2006 அல்லது 2007 ஆக இருக்க வேண்டும். எங்கள் ஊர் நீடாமங்கலத்துக்குச் சற்று முன்னால். சனிக்கிழமைதோறும் எனக்கும் தங்கைக்கும் மன்னார்குடியில் கணக்கு டியூஷன். போகும்போது நீடாமங்கலம் ரயில்வே கேட் மூடியிருந்தால் அரை மணி நேரம் அங்கேயே போய்விடும். அந்த கேட்டைத் தெரிந்தவர்களுக்கு நான் மேற்கொண்டு சொல்ல வேண்டியதில்லை. டியூஷன் முடிந்ததும் ஹரித்ராநதித் தெப்பக்குளத்து வடகரையில் இருந்த ஒரு பிரவுசிங் சென்டருக்கு ஓடுவோம். மணிக்கு இருபது ரூபாய். பஸ் காசு போக எங்களிடம் மிஞ்சுவது பத்து. ஆகவே அரை மணி நேரம், ஒரு கணினி, ஒரு நாற்காலி, ஆளுக்குப் பாதி கீபோர்டு.

விளையாட்டு இதுதான். ஒரு பெரிய உருண்டை பந்து போலக் குதித்துக் குதித்து வரும். கீழே நிற்கும் ஆள் நேர் மேலே கம்பி மாதிரி ஒன்றை எய்வான். பட்டால் உருண்டை இரண்டாகும். அந்த இரண்டும் தனித்தனியே இரண்டாகும். கடைசியில் சுண்டைக்காய் அளவுக்கு வந்து தெறித்துப்போகும். நடுவில் ஏதாவது ஒன்று தலையில் விழுந்தால் ஆட்டம் முடிந்தது. எய்கிற ஆள் நீளக் கோட்டுப் போட்ட ஒரு குட்டிப் பிசாசு. இருவர் சேர்ந்து ஆடலாம். நான் பொறுமையாக ஒரு பக்கத்து உருண்டைகளை முடித்த பிறகுதான் அடுத்ததைத் தொடுவேன். தங்கை எல்லாவற்றையும் முதல் நொடியிலேயே உடைத்துவிடுவாள். திரை முழுக்கச் சுண்டைக்காய்கள் துள்ளும், இருவரும் சாவோம். திரும்பும் பஸ்ஸில் பேசிக்கொள்ள மாட்டோம்.

போன மாதம் தேடிப் பார்த்தேன். ஒரு தளம் ‘பிளாஷ் பிளேயர் இல்லை, இதை இறக்கிக்கொள்’ என்றது. இறக்கினேன். அன்றிலிருந்து பிரவுசரைத் திறந்தாலே ரம்மி விளம்பரம். விளையாட்டு மட்டும் வரவில்லை.

இரண்டாவது ஃபார்ம்வில், பேஸ்புக்கில் ஆடும் பண்ணை விளையாட்டு. இது எனக்கில்லை, அப்பாவுக்கு.

2012-இல் மேட்டூர் அணையை வழக்கமான ஜூன் 12-இல் திறக்கவில்லை. செப்டம்பர் 17 ஆகிவிட்டது. எங்களுக்கு போர்வெல் கிடையாது, ஆற்றுத் தண்ணீர்தான். குறுவை போயிற்று. அப்பா திண்ணையில் உட்கார்ந்து வருகிறவர் போகிறவரிடம் எல்லாம் சண்டை வளர்த்துக்கொண்டிருந்தார். தங்கைக்குப் பள்ளியில் அரசு மடிக்கணினி கொடுத்திருந்தார்கள். அதில் டேட்டா கார்டைச் சொருகி ஃபார்ம்வில் ஆடுவாள். ஒருநாள் அப்பா பின்னால் வந்து நின்றிருக்கிறார். (நான் அப்போது திருச்சியில் விடுதியில் இருந்தேன். பாதி அவள் சொன்னது, பாதி வீட்டுக்கு வந்தபோது நான் பார்த்தது.)

“அது நெல்லா?”

“நெல்தான் அப்பா.”

“எத்தனை நாள் பயிர்?”

“பன்னிரண்டு மணி நேரம்.”

ஆடுதுறை 43 நெல்லுக்கே 110 நாள் காத்திருந்த மனிதர் அவர். கொஞ்ச நேரம் பேசாமல் நின்றுவிட்டு, “தண்ணீர் எங்கிருந்து வருகிறது?” என்று கேட்டாராம். தண்ணீரே வேண்டாம், உழுது விதைத்தால் போதும் என்றிருக்கிறாள். மறுநாள் காலை ஐந்தரை மணிக்கு அவளை எழுப்பியது அப்பா. அறுவடைக்கு நேரமாகிவிட்டதாம்.

பிறகு அவள் பள்ளிக்குப் போனபின் அவரே பார்த்துக்கொள்ள ஆரம்பித்தார். மடிக்கணினியின் தொடுபலகை அவருடைய காய்த்துப்போன விரலை உணரவே உணராது. இரண்டு மூன்று முறை அழுத்திப் பார்த்துவிட்டு எச்சில் தொட்டுத் தேய்ப்பார். அதற்காகவே ஒரு மவுஸ் வாங்கிக் கொடுத்தேன். ஸ்ட்ராபெரி மட்டும் போடவே மாட்டார். அது நான்கு மணி நேரத்தில் வந்துவிடும். “நான்கு மணி நேரத்தில் வருவதற்குப் பெயர் பயிர் இல்லை, களை” என்பார். ஒரே தொல்லை மின்வெட்டு. காலத்தில் அறுக்காவிட்டால் அந்த வயலும் வாடிவிடும்.

இப்போது முழங்கால் அறுவை செய்துகொண்டு மீண்டும் அதே திண்ணையில் இருக்கிறார். போன வாரம் திடீரென்று, “அந்த வயல் இன்னும் இருக்கிறதா?” என்றார். என்ன பதில் சொல்வது? அடுத்த மாதம் தங்கையும் திருப்பூரிலிருந்து வருகிறாள். இரண்டில் ஒன்றாவது கிடைத்தால் நல்லது.

பழைய மவுஸ் எழுதியது:

கும்பகோணத்தில் கணினி பழுதுபார்க்கும் கடை வைத்திருக்கிறேன். முதல் வேலையாக, இறக்கிய அந்தப் ‘பிளேயரை’ நீக்குங்கள். பிரவுசரில் உங்களுக்குத் தெரியாமல் ஏதாவது நீட்சி (எக்ஸ்டென்ஷன்) சேர்ந்திருந்தால் அதையும் எடுத்துவிட்டுக் கடவுச்சொற்களை மாற்றுங்கள். இன்றைக்கு யார் பிளாஷ் பிளேயர் தருகிறேன் என்றாலும் வாங்காதீர்கள். என் கடைக்கு மாதம் ஒருவராவது இதே கதையோடு வருகிறார்.

நடந்தது இது. அந்தக் காலத்து பிரவுசர் விளையாட்டுகளை ஓட்டிய பிளாஷை நிறுத்தப்போவதாக, அதை வெளியிட்ட அடோபி நிறுவனம் 2017 ஜூலையிலேயே அறிவித்துவிட்டது. 2020 டிசம்பர் 31-உடன் ஆதரவு முடிந்தது. 2021 ஜனவரி 12 முதல் பிளேயரே உள்ளடக்கத்தை ஓட்ட மறுத்தது. மறுக்கும்படி அதற்குள்ளேயே எழுதி வைத்திருந்தார்கள். பழைய கணினியில் பழைய பிளேயர் இருக்கிறதே என்று பலர் தூசி தட்டி எடுத்து வந்தார்கள். தேதி தாண்டியதும் பெரும்பாலும் ‘எஃப்’ என்ற எழுத்துதான் திரையில் வந்தது.

ஆனால் போனது பிளேயர்தான், விளையாட்டு இல்லை. கேசட் இருக்கிறது, டேப் ரிக்கார்டர்தான் இல்லை. எஸ்டபிள்யூஎஃப் என்று முடியும் அந்த விளையாட்டுக் கோப்பை ஓட்ட இப்போது இரண்டு நல்ல வழிகள் உண்டு.

எளிதானது ரஃபிள். பிளாஷ் பிளேயர் செய்த வேலையைப் புதிதாக, பாதுகாப்பாக எழுதியிருக்கிறார்கள், இலவசம். பிரவுசர் நீட்சியாகவும் கிடைக்கும், தனி நிரலாகவும் கிடைக்கும். பழைய இணையப் பக்கங்களையும் கோப்புகளையும் சேமித்துவைக்கும் இன்டர்நெட் ஆர்க்கைவ் தளம் 2020 நவம்பர் முதல் தன் பிளாஷ் தொகுப்பை இதை வைத்தே ஓட்டுகிறது. அங்கே போனால் எதையும் நிறுவாமல் பக்கத்திலேயே ஆடலாம். 2006, 2007 காலத்து விளையாட்டுகளில் பெரும்பாலானவை நன்றாக ஓடும். பின்னால் வந்த பெரிய விளையாட்டுகளில் சில இன்னும் மக்கர் செய்கின்றன.

இன்னொன்று பிளாஷ்பாயிண்ட். 2018-இல் ஆர்வலர்கள் தொடங்கியது. இரண்டு லட்சத்துக்கு மேல் விளையாட்டுகளும் அசைபடங்களும் சேர்த்திருக்கிறார்கள். முழுத் தொகுப்பு ஒரு டெராபைட்டுக்கும் மேல், அதை நினைக்கவே வேண்டாம். சிறிய பதிப்பை நிறுவினால் நீங்கள் தொட்ட விளையாட்டை மட்டும் அப்போதைக்கு இறக்கிக்கொள்ளும். விண்டோஸ் கணினி இருந்தால் நான் இதைத்தான் சொல்வேன்.

ஃபார்ம்வில் விஷயத்தில் எனக்கு நல்ல சேதி இல்லை. 2009 ஜூனில் வந்தது, பிளாஷோடு சேர்த்து 2020 டிசம்பர் 31-இல் மூடினார்கள். உருண்டை விளையாட்டு முழுவதும் ஒரே கோப்புக்குள் அடங்கியது. ஃபார்ம்வில் அப்படியில்லை. உங்கள் கணினிக்கு வந்தது மதகு மட்டும்தான். எந்தக் கட்டத்தில் என்ன விதைத்தார், எப்போது விளையும் என்கிற கணக்கெல்லாம் நிறுவனத்தின் சர்வரில் இருந்தது. அதை அணைத்துவிட்டால் மதகை வைத்துக்கொண்டு என்ன செய்ய? அப்பாவின் வயல் திரும்பி வராது என்றுதான் சொல்ல வேண்டியிருக்கிறது.

மேலராஜ வீதி எழுதியது:

தம்பி, நீங்கள் சொல்லும் வடகரைக் கடை என்னுடையது அல்ல. நான் மன்னார்குடி மேலராஜ வீதியில் எட்டுக் கணினிகளோடு கடை வைத்திருந்தேன். ஆனால் உங்கள் கோட்டுப் போட்ட பிசாசை எனக்கு நன்றாகத் தெரியும். அதன் பெயர் பபிள் ட்ரபிள். மினிக்ளிப் தளத்தில் எல்லாரும் ஆடியது. கரு அவர்கள் சொந்தச் சரக்கு இல்லை. 1989-இல் ஒரு ஜப்பான் நிறுவனம் செய்து, காசு போட்டு ஆடும் பெட்டிகளில் வெளிநாடுகளில் ‘பாங்’ என்ற பெயரில் ஒரு விளையாட்டு வந்தது, இது அதன் பேரன். மினிக்ளிப் 2001-இல் தொடங்கியது. 2022-இல் தளத்திலிருந்த விளையாட்டுகளை நிறுத்திவிட்டு மொபைல் பக்கம் போய்விட்டார்கள். அங்கே போய்த் தேடாதீர்கள்.

ஒரு தொழில் ரகசியம் சொல்கிறேன், கடையை மூடிப் பல வருடம் ஆகிவிட்டது, பரவாயில்லை. நீங்கள் எல்லாரும் இணையத்தில் விளையாடுவதாக நினைத்துக்கொண்டு காசு கொடுத்தீர்கள். பாதி நேரம் இணையமே இல்லை. இருந்ததும் எட்டுப் பேருக்கு ஒரே மெல்லிய இணைப்பு. ரயில்வே தேர்வு முடிவு, கலந்தாய்வு என்று யாராவது உட்கார்ந்துவிட்டால் மற்ற ஏழும் படுத்துவிடும். அதனால் ராத்திரி கடை சாத்தியபின் எல்லா விளையாட்டையும் ஒருமுறை திறந்து வைப்பேன். விண்டோஸ் அந்தக் கோப்புகளைத் தற்காலிக இணையக் கோப்புகள் என்ற ஃபோல்டரில் போட்டுவைக்கும். அங்கிருந்து எடுத்து டி டிரைவில் ‘கணக்கு’ என்ற ஃபோல்டரில் சேமிப்பேன். ஒவ்வொன்றும் சில நூறு கேபிதான், ஒரு போட்டோவைவிடச் சிறியது. கணக்கு என்று பெயர் வைத்ததற்குக் காரணம், பிள்ளைகளைத் தேடி வரும் பெற்றோர்கள்.

சில கோப்புகள் டி டிரைவிலிருந்து ஓடாது. வெள்ளைத் திரை வரும், அல்லது ‘எங்கள் தளத்துக்கு வா’ என்று எழுதும். தான் எந்தத் தளத்தில் ஓடுகிறோம் என்று அந்தக் கோப்பே பார்த்துக்கொள்ளும், அதுதான் பூட்டு. என்னால் அன்றைக்கு அதை உடைக்க முடியவில்லை. மேலே நண்பர் சொன்ன பிளாஷ்பாயிண்டில் இதற்கு வழி செய்திருக்கிறார்கள். பழைய தளத்திலேயே இருப்பதாக விளையாட்டை நம்பவைத்துவிடுகிறது. இதைப் படித்த அன்று எனக்குக் கொஞ்சம் பொறாமையாகத்தான் இருந்தது.

வெண்ணாற்றங்கரை எழுதியது:

ஐயா, அதேதான்! பபிள் ட்ரபிள். பெயரைப் படித்தவுடனே தங்கைக்கு போன் செய்தேன். “உனக்கு இப்போதாவது தெரிந்ததே” என்றாள். அவளுக்குப் பெயர் இத்தனை நாளும் தெரிந்தே இருந்ததாம், நான் கேட்கவில்லையாம்.

பிளாஷ்பாயிண்டை நிறுவிவிட்டேன். தேடியதும் வந்தது. ஒருவராக ஆடினால் நன்றாக ஓடுகிறது. இருவராக ஆடினால் ஒரு சிக்கல். பக்கத்து வீட்டுப் பையனை உட்காரவைத்துப் பார்த்தேன். நான் ஓடிக்கொண்டே எய்யும்போது அவன் ஆள் அப்படியே நின்றுவிடுகிறான். நான் கையை எடுத்தால் அவன் நகர்கிறான். அந்தக் காலத்தில் இப்படி இல்லையே? அல்லது இருந்ததா? தங்கை ‘நான் அழுத்தினேன், போகவில்லை’ என்று அழுததை நான் நம்பியதே இல்லை.

குத்தாலத்து டீச்சர் எழுதியது:

உங்கள் தங்கை உண்மையைத்தான் சொல்லியிருக்கிறார். அது விளையாட்டின் கோளாறு அல்ல, கீபோர்டின் கோளாறு. மலிவான கீபோர்டுகளில் ஒவ்வொரு விசைக்கும் தனிக் கம்பி கிடையாது. வரிசையும் நிரலுமாகப் பின்னிய ஒரே வலைதான். சில மூன்று விசைகளைச் சேர்த்து அழுத்தினால் மூன்றாவது எது என்று அதற்குத் தெரியாது, விட்டுவிடும். இன்னொரு யுஎஸ்பி கீபோர்டை மடிக்கணினியில் சொருகி ஆளுக்கு ஒன்றாக வைத்துக்கொள்ளுங்கள், சரியாகிவிடும். எங்கள் பள்ளி ஆய்வகத்தில் பிள்ளைகளின் சண்டையை நான் இப்படித்தான் தீர்த்தேன். தங்கையிடம் மன்னிப்புக் கேட்பது உங்கள் விருப்பம்.

இதைப் படிக்கும் மற்றவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். பழைய பிரவுசர் விளையாட்டு என்றாலே பிளாஷ் என்று நினைத்துவிடாதீர்கள். நான் மூன்று ஞாயிற்றுக்கிழமைகளை அப்படித்தான் வீணாக்கினேன். நான் தேடிய விளையாட்டின் கோப்பு கடைசியில் கிடைத்தது, ரஃபிள் அதைத் தொடவே இல்லை. பிறகுதான் கவனித்தேன், அது டிசிஆர் என்று முடிந்தது. அதாவது ஷாக்வேவ். அது அதே அடோபி வீட்டின் இன்னொரு பிள்ளை, 2019 ஏப்ரல் 9-இலேயே நிறுத்திவிட்டார்கள். ஜாவா ஆப்லெட், யூனிட்டி வெப் பிளேயர் போன்ற செருகிகள் (பிளக்இன்) எல்லாம் அதற்கும் முன்பே பெரும்பாலான பிரவுசர்களிலிருந்து வெளியேறியவை. குரோம் 2015-இலேயே அந்தப் பழைய செருகிகளுக்குக் கதவைச் சாத்திவிட்டது. இப்படிப்பட்டவற்றுக்கு பிளாஷ்பாயிண்ட்தான் கதி. நூற்றுக்கும் மேற்பட்ட தொழில்நுட்பங்களை அவர்கள் கையாளுகிறார்கள்.

பெயரே நினைவில்லாதவர்கள் ரெடிட் என்ற இணைய மன்றத்தில் ‘டிப் ஆஃப் மை ஜாய்ஸ்டிக்’ என்ற குழுவில் கேட்கலாம். கேட்கும்போது ‘சூப்பராக இருக்கும், நிறைய நிலைகள் உண்டு’ என்றெல்லாம் எழுதாதீர்கள். வெண்ணாற்றங்கரை எழுதியதைப் பாருங்கள். உருண்டை எப்படிப் பிளந்தது, எய்தவன் என்ன போட்டிருந்தான் என்று சொன்னார், பெயர் வந்துவிட்டது.

அப்பாவின் வயலைப் பற்றி: விளையாட்டு போய்விட்டாலும் படம் எங்கேயாவது இருக்கலாம். அந்த நாட்களில் ஃபார்ம்வில் எதைச் செய்தாலும் பேஸ்புக் சுவரில் போடச் சொல்லி நச்சரிக்கும். பலர் பண்ணையைப் படமெடுத்தும் வைத்திருந்தார்கள். தங்கையின் பேஸ்புக் அமைப்புகளில் தன் தகவலை இறக்கிக்கொள்ள ஒரு வழி இருக்கும். 2012-ஐத் தேர்ந்தெடுத்து இறக்கச் சொல்லுங்கள்.

குறுவைத் தொகுப்பு எழுதியது:

ஏன் இவ்வளவு சிரமம்? 2021-இல் ஃபார்ம்வில் 3 வந்துவிட்டது. ஃபார்ம்வில் 2-ம் இருந்தது. அப்பாவின் போனில் புதியதைப் போட்டுக் கொடுங்கள், முடிந்தது.

வெண்ணாற்றங்கரை எழுதியது:

குறுவைத் தொகுப்பு அவர்களுக்கு: ஃபார்ம்வில் 2-ஐ அப்பா பார்த்திருக்கிறார். அது வந்தது 2012 செப்டம்பர், மேட்டூர் திறந்த அதே மாதம். தங்கை திறந்து காட்டினாளாம். அதில் பயிருக்குத் தண்ணீர் ஊற்ற வேண்டும், தண்ணீர் எவ்வளவு மிச்சம் என்று ஓர் எண் வேறு நிற்கும். அப்பா அந்த எண்ணைப் பார்த்தார், எழுந்து போய்விட்டார். “இதற்கு நான் ஆற்றையே பார்த்துக்கொண்டு உட்காருவேன்.”

மற்றவர்களுக்கு நன்றியோடு ஒரு தகவல். தங்கை வந்துவிட்டாள். நீடாமங்கலத்தில் முந்நூற்றைம்பது ரூபாய்க்கு ஒரு கீபோர்டு வாங்கினேன். ஒன்பது நிலை வரை போனோம். அவள் இன்னும் எல்லா உருண்டைகளையும் முதல் நொடியிலேயே உடைக்கிறாள். இரண்டு கீபோர்டு இருப்பதால் இப்போது விசை மேல் பழி போட முடியவில்லை. அவளுடைய மகன், “இவ்வளவுதானா இது?” என்று கேட்டுவிட்டு வெளியே போனான். ஐந்து நிமிடத்தில் திரும்பி வந்து தனக்கும் கீபோர்டு வேண்டும் என்றான்.

டீச்சர் சொன்னபடி பேஸ்புக் தகவலை இறக்கினோம். ஒரே ஒரு படம் கிடைத்தது, 2012 ஆகஸ்ட். கையகலம்கூட இல்லை, பெரிதாக்கினால் கலங்குகிறது. வேலி, ஒரு மாடு, சதுரம் சதுரமாக நெல். போனைக் கண்ணுக்கு அருகில் வைத்து அப்பா வெகுநேரம் பார்த்தார். “வரப்பே இல்லை பார்” என்றார். தண்ணீர் கட்டாத வயலுக்கு வரப்பு எதற்கு என்று அம்மா அடுக்களையிலிருந்து கேட்டார். அதை அவர் காதில் வாங்கவில்லை. வலது மூலையில் நான்கு கட்டங்கள் வாடிக் கிடந்தன. அதில் விரலை வைத்துக்கொண்டு தங்கையிடம், “இது உன் அண்ணன் காலத்தில் அறுக்காமல் விட்டது” என்றார்.

நான் அப்போது திருச்சியில் இருந்தேன் என்று மேலேயே எழுதியிருக்கிறேன்.